பைனாகுலரும் என் ஓரகத்தியும்

என் ஓரகத்தி வருகிற வெள்ளிக்கிழமை ஓய்வு பெறுகிறாள். துறைமுக அலுவலகத்தில் அவளுக்காக ஒரு சிறிய மலர் போடுகிறார்கள். கூட வேலை பார்த்தவள், போதாததற்கு ஒரே வீட்டுக்காரி என்பதால் நானும் நாலு வரி எழுதித் தரவேண்டும் என்று எழுத்தர் ஒரு தாளை நீட்டினார். "நல்லதா நாலு வரிங்கம்மா" என்று அந்த 'நல்லதா'வை மட்டும் அழுத்திச் சொன்னார். என்னைத் தெரிந்தவர். எழுதிக் கொடுத்துவிட்டேன். கடமை உணர்வு, புன்சிரிப்பு எல்லாம் அதில் இருக்கிறது. அதில் எழுத முடியாததை இங்கே எழுதுகிறேன்.

முதலில் உறவைச் சொல்லிவிடுகிறேன். என் கணவர் மூத்தவர், அவள் கணவர் இளையவர். கீழே நாங்கள், மாடியில் அவர்கள். அவள் என்னைவிட இரண்டு வயது பெரியவள், ஆனால் முறைக்கு நான்தான் அக்கா. வாய் நிறைய அவள் "அக்கா" என்று கூப்பிடும்போதெல்லாம் எனக்கு நாலு வயது கூடிப்போகும். கல்யாணமாகி அவள் வந்த அன்று அவளுடைய சோடாபுட்டிக் கண்ணாடியைப் பார்த்து எனக்குள் ஒரு சந்தோஷம் வந்தது. நானும் பதினாலு வயதிலிருந்து கண்ணாடி போட்டவள்தான், ஆனால் என்னுடையது மெல்லிசு. இந்த ஒன்றிலாவது நாம் மேல் என்று நினைத்துக்கொண்டேன். மற்றபடி அவளுக்கு இடுப்பைத் தாண்டிய முடி, கணீரென்ற குரல், வாயே திறக்காத புருஷன். என் வீட்டுக்காரர் வாயைத் திறந்தால் மூடமாட்டார்.

துறைமுகக் கண்காணிப்புக் கோபுரத்தில் வேலைக்கு முதலில் சேர்ந்தவள் நான். அடுத்த வருஷமே மதியப் பொறுப்பில் ஒரு இடம் காலியாக, அவள் விண்ணப்பம் போட்டு வந்து சேர்ந்தாள். ஊரில் எத்தனையோ வேலை இருக்க, என் கோபுரத்துக்குத்தான் வரவேண்டுமா என்று நான் என் வீட்டுக்காரரிடம் ஒரு வாரம் கரித்துக்கொட்டினேன். "கோபுரம் உங்கப்பா கட்டினதா?" என்று அவர் கேட்டார். அத்தோடு அந்தப் பேச்சை விட்டேன்.

எண்பத்து நாலு படி ஏறினால் மேலே ஒரு அறை. நாலு பக்கமும் கண்ணாடி ஜன்னல், ஒரு முக்காலி, ஒரு மேஜை, மேஜைமேல் பதிவேடு. ஒருத்தர்தான் உட்கார முடியும். தடுப்புச் சுவருக்கு அப்பால் படகோ கப்பலோ தலைகாட்டினால், அதன் எண்ணையும் கண்ணில் பட்ட நேரத்தையும் திசையையும் எழுதி, கீழே தொலைபேசியில் சொல்லவேண்டும். அதை வைத்துத்தான் எந்தப் படகு எந்தப் படித்துறைக்கு என்று பிரித்து விடுவார்கள். காலை ஆறிலிருந்து பன்னிரண்டு வரை நான், பன்னிரண்டிலிருந்து ஆறு வரை அவள். இரவில் கோபுரம் பூட்டிக் கிடக்கும்.

எங்கள் இரண்டு பேருக்கும் ஒரே பைனாகுலர். அதைவிட முக்கியம் அதன் பெட்டி. எங்கள் தலைமைக் கண்காணிப்பாளர் ஒருவர் இருந்தார், முதுகு வளையாமல் நடப்பதால் 'பட்டாளம்' என்று பெயர். பெட்டி மூடியின் உள்பக்கம் அவர் தன் கையால் ஒரு படம் வரைந்து ஒட்டியிருந்தார். வார் சுற்றியிருக்க வேண்டும், முன்மூடி போட்டிருக்க வேண்டும், வலது கண் பக்கத்துத் திருகு பூஜ்யத்தில் நிற்க வேண்டும், கண் வைக்கும் இடத்து ரப்பர் வளையங்கள் நிமிர்ந்து நிற்க வேண்டும். படத்தில் எப்படியோ அப்படியே ஒப்படைக்கவேண்டும். ஒரு வளையம் கோணியிருந்தாலும், "இது அரசாங்கப் பொருளா, உங்க வீட்டுக் கரண்டியா?" என்பார். அவர் கண்ணாடி போடாதவர். அவருக்கு மேலிருந்த அதிகாரிகளும் போடாதவர்கள்தான்.

கண்ணாடி போட்டுக்கொண்டு பைனாகுலரில் பார்த்தவர்களுக்குத்தான் அந்த அவஸ்தை தெரியும். ரப்பர் போய் மூக்குக்கண்ணாடியில் முட்டும். அதற்குமேல் கண் உள்ளே போகாது. அவ்வளவு தூரத்திலிருந்து எட்டிப் பார்த்தால், கரிய இருட்டுக்கு நடுவில் வளையல் அளவுக்கு ஒரு வட்டம் தெரியும், அதற்குள் துளியூண்டு கடல். ஓரத்திலிருந்து வெயில் வேறு புகுந்து கண்ணாடியில் பளபளக்கும். வியர்த்தால் ஆவி படியும். ஒரு படகைப் பிடித்து எண்ணைப் படிப்பதற்குள் அது வட்டத்தைவிட்டு நழுவிவிடும். மறுபடி தேடவேண்டும்.

கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்க்கலாமே என்பீர்கள். பார்த்தேன். வெறும் கிட்டப்பார்வை என்றால் சக்கரத்தைத் திருப்பிச் சரிசெய்துகொள்ளலாம். எனக்கு சிலிண்டர் பவரும் உண்டு. கண்ணாடிக் கடைக்காரர் அந்த வார்த்தையைச் சொன்னபோது என் வீட்டுக்காரர், "ஏற்கெனவே அடிக்கடி பத்திக்கிட்டு எரியறவ, இதுல சிலிண்டர் வேறயா?" என்று கடையே சிரிக்கும்படி கேட்டார். அந்தக் கோளாறுக்கு பைனாகுலரில் திருகு கிடையாது. கண்ணாடி இல்லாமல் பார்த்தால் எண்கள் எல்லாம் நிழலோடு இரட்டை இரட்டையாகத் தெரியும். மூன்றும் எட்டும் ஒன்றாகிவிடும். அதனால் வளையல் வட்டமே கதி என்று, பல்லைக் கடித்துக்கொண்டு இடமிருந்து வலமாக, வீடு பெருக்குவதுபோலக் கடலைப் பெருக்கிப் பார்க்கப் பழகினேன். யாரிடமும் சொல்லவில்லை. சேரும்போதே 'கண்ணாடியால் வேலைக்கு இடையூறு இல்லை' என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருந்தேன். சொன்னால் வேலை என்ன ஆகுமோ என்ற பயம்.

இந்த நிலையில் அவளுடைய எழுத்தைப் பார்க்க நேர்ந்தால் எப்படி இருக்கும்? ஒரே பதிவேடு. காலையில் திறந்தால் நேற்று மதியம் அவள் எழுதியது எதிரே நிற்கும். இரண்டு மணி ஐந்து நிமிஷம், வடக்கே நாலு படகு, அவற்றின் எண்கள். அதே ஐந்தாவது நிமிஷத்தில் கிழக்கே இன்னும் இரண்டு. எனக்கு ஆறு படகைப் பிடிக்கப் பத்து நிமிஷம் ஆகும். அவள் ஒரே பார்வையில் அள்ளிக்கொண்டிருக்கிறாள். அதுவும் என்னுடையதைவிட மூன்று மடங்கு தடித்த கண்ணாடியோடு. எனக்குப் பற்றிக்கொண்டு வரும். முதலில் பொய் எழுதுகிறாள் என்று நினைத்து, படித்துறையில் போய் விசாரித்தேன். எல்லாம் சரி. கண்ணுக்கு ஏதாவது சொட்டு மருந்து விடுகிறாளா, கேரட்டாகத் தின்கிறாளா என்று அவர்கள் வீட்டுக் குப்பைக்கூடையை ஒருநாள் கிளறியும் பார்த்தேன். கேரட் இல்லை. எங்கள் மாமியார் அதைப் பார்த்துவிட்டு, "என்னம்மா தொலைச்சே?" என்றார். தூக்கத்தைத் தொலைத்தேன் என்று சொல்ல முடியுமா?

பட்டாளம் வேறு எரிகிற நெருப்பில் எண்ணெய் விடுவார். "உன் ஓரகத்தி எழுதறதப் பாரும்மா. கண்ணுன்னா அது கண்ணு" என்பார். "மதியம் வெளிச்சம் நல்லா இருக்குங்க ஐயா. காலையில வெயில் மூஞ்சியிலயே அடிக்குது" என்பேன் நான். இந்தப் பதிலைப் பதினொரு வருஷம் சொன்னேன். கோபுரத்தில் அவள் எப்படிப் பார்க்கிறாள் என்று நான் ஒருநாளும் பார்த்ததில்லை. கைமாற்றுவது கீழ் அறையில். பெட்டியைத் திறந்து, மூடிப் படத்தோடு ஒப்பிட்டு, கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு அவள் மேலே போவாள். நான் வீட்டுக்குப் போவேன். போகும் வழியெல்லாம் வயிறு எரியும்.

பட்டாளம் ஓய்வுபெற்றார். மூப்புப்படி அந்தப் பதவி எனக்கு வரவேண்டியது. ஆனால் புதிதாக வந்த அதிகாரி, "கண்தான் இந்த வேலைக்கு மூப்பு. ஒரு பரீட்சை வெச்சிடுவோம்" என்றார். தலைமைக் கண்காணிப்பாளர் அவரவர் பொறுப்பு நேரத்தையும் பார்க்கவேண்டும், கூடவே மற்றவர் எழுதியதற்குக் கீழே சிவப்பு மையில் கையெழுத்துப் போடவேண்டும். அந்தச் சிவப்பு மைதான் என் தூக்கத்தைக் கெடுத்தது. அவள் எழுத்துக்குக் கீழே நான் போடவேண்டும். என் எழுத்துக்குக் கீழே அவள் போட்டாள் என்றால், நான் எப்படித் தினமும் அந்தப் பதிவேட்டைத் திறப்பேன்?

பரீட்சையன்று காலை கோபுரத்தில் பெட்டியைத் திறந்தபோது, ரப்பர் வளையங்கள் இரண்டிலும் அடியில் சுற்றிலும் வெடிப்பு விட்டிருந்ததைக் கவனித்தேன். மடிப்பு விழுந்து விழுந்து வெடித்ததுபோல் இருந்தது. நான் பூப்போலப் பிடிக்கிறவள், என் கையால் வெடித்திருக்காது. அவள் கடித்துத் தின்கிறாளா என்று நினைத்தேன். அதிகாரி பார்த்தால் காலைப் பொறுப்பில் இருந்த என் தலையில்தான் விழும். அதனால் பியூனிடம் சைக்கிள் கடையில் பஞ்சர் ஒட்டும் பசை வாங்கிவரச் சொல்லி, வெடிப்பில் தடவி, மேலே கருப்பு டேப் இரண்டு சுற்று இறுக்கிச் சுற்றினேன். வளையங்கள் புதிதுபோல விறைப்பாக நின்றன. கெட்ட எண்ணத்தில் செய்யவில்லை. நல்ல எண்ணத்திலும் இல்லை. என் பெயர் கெடக்கூடாது என்று செய்தேன்.

பன்னிரண்டு மணிக்கு அலுவலக மொட்டைமாடியில் பரீட்சை. பத்துப் படகுகளில் எண்பலகை மாட்டி அங்கங்கே நிறுத்தியிருந்தார்கள். ஐந்து நிமிஷம். நான் முதலில். என் பழக்கப்படி இடமிருந்து வலமாகப் பெருக்கிக்கொண்டே போய் ஏழு எண்களைச் சொன்னேன். அடுத்து அவள். பைனாகுலரைக் கையில் வாங்கியதும் அவளுடைய கட்டைவிரல்கள் இரண்டும் ரப்பரின்மேல் போய் அழுத்தின. மறுபடி அழுத்தின. பிறகு என்னை ஒரு பார்வை பார்த்தாள். பயத்தில் கை நடுங்குகிறது என்று நான் நினைத்தேன். மனசுக்குள் குளுகுளுவென்று இருந்தது. அவள் கண்ணில் வைத்தாள். முன்னே சாய்ந்தாள், பின்னே சாய்ந்தாள். ஐந்து நிமிஷத்தில் நாலு எண்தான் சொன்னாள்.

"திங்கட்கிழமை ஆர்டர் வந்துடும்மா" என்று அதிகாரி என்னிடம் சொன்னார். படியிறங்கும்போது எனக்கு முட்டிவலியே தெரியவில்லை.

அன்று சாயங்காலம் அவளுக்கு ஆறுதல் சொல்ல மாடிக்குப் போனேன். ஆறுதல் என்று பெயர். அவள் முகம் எப்படி இருக்கிறது என்று பார்க்கத்தான் போனேன். துணி மடித்துக்கொண்டிருந்தாள். கண்ணாடிக்குப் பின்னால் கண் சிவந்திருந்தது.

"அந்தப் பதவிக்கு நீங்கதான் வருவீங்கன்னு எனக்குத் தெரியும்க்கா" என்றாள். "உங்க கண்ணு எங்க, என் கண்ணு எங்க. நீங்க மடக்காமலே பாக்கறவங்க."

"எதை மடக்காம?"

"அந்த ரப்பரைத்தான். நான் சேந்த ரெண்டாம் நாளு ஒண்ணுமே தெரியலைன்னு எரிச்சல்ல போட்டு அழுத்தினேன். அது அப்படியே வெளிப்பக்கமா மடங்கிக்கிச்சு. மடங்கினதும் கண்ணு கிட்டப் போயிடுச்சு, முழு வட்டமும் தெரிஞ்சுது. அன்னையிலேந்து மடக்கித்தான் பாக்கறேன். முடிச்சதும் படத்துல இருக்கற மாதிரி நிமித்தி வெச்சிடுவேன்."

நான் கட்டில் விளிம்பில் உட்கார்ந்துவிட்டேன். அவள் ஒரு துண்டை எடுத்து மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள்.

"யார்கிட்டயும் சொல்லலக்கா. உங்களுக்கும் கண்ணாடிதான், நீங்க நிமித்தி வெச்சே சமாளிக்கறீங்க. எனக்கு மட்டும் மடக்கினாத்தான் தெரியுதுன்னா வேலையை விட்டுத் தூக்கிடுவாங்களோன்னு பயம். பதினோரு வருஷமா உங்களப் பாத்து எனக்கு எவ்வளவு வயித்தெரிச்சல் தெரியுமா?"

என்னைப் பார்த்து அவளுக்கு வயிற்றெரிச்சலாம். என் வயிற்றில் எரிந்ததை அவள் கண்டாளா? "டேப்பு சுத்தியிருந்துச்சே, ஏன் அதிகாரிகிட்ட சொல்லல?" என்று கேட்டேன். "சொன்னா மடக்கற கதையையும்ல சொல்லணும்?" என்றாள். டேப்பைச் சுற்றியது நான்தான் என்று அப்போது நான் சொல்லவில்லை. கீழே வந்து படுத்துக்கொண்டேன். வெற்றியின் களைப்பு என்று என் வீட்டுக்காரர் மாமியாரிடம் விளக்கிக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலை கோபுரத்தில் டேப்பைப் பிய்த்தேன். பசையை நகத்தால் சுரண்டினேன். கட்டைவிரலால் அழுத்தினேன். அரசாங்கப் பொருளை அப்படி அழுத்தியது அதுதான் முதல்முறை. வளையங்கள் சுருண்டு மடங்கின. கண்ணாடியோடு கண்ணில் வைத்தேன்.

கடல் ஓரத்திலிருந்து ஓரம்வரை வந்து நின்றது. இருட்டே இல்லை. தடுப்புச் சுவர், அதன்மேல் தூண்டில் போடுகிறவர்கள், பின்னால் ஒரு இழுவைக் கப்பல், அதற்கும் பின்னால் வரிசையாக மூன்று படகு, எல்லாம் ஒரே வட்டத்தில். ஒரு படகில் ஒருத்தன் சட்டையைப் பிழிந்துகொண்டிருந்தான். எனக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷத்தில் வந்த அழுகை இல்லை. பொறாமையில் வந்தது. தினம் தினம் இவள் இதையா பார்த்துக்கொண்டிருந்தாள்? நான் பன்னிரண்டு வருஷம் சாவித்துவாரத்தில் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த அதே கடலையா? கண்ணாடியில் ஆவி படிந்து, வந்த மூன்று படகில் இரண்டை எழுதாமல் விட்டேன்.

பேசாமல் இருந்திருக்கலாம். இதை நன்றாக யோசித்தேன். திங்கட்கிழமை ஆர்டர் வரும். இப்போது மடக்கவும் தெரிந்துவிட்டது, இனி எனக்கு நிகர் யார்? ஆனால் அந்தச் சிவப்பு மையை நினைத்தபோது இனிக்கவில்லை. அவள் கண்ணைக் கட்டிவிட்டு ஓடி முதலில் வந்தது எனக்குத் தெரியுமே. எனக்கு அவளை ஜெயிக்கவேண்டும். முழுக்கண்ணும் திறந்திருக்கும் அவளை. நேர்மையால் அதிகாரியிடம் போனேன் என்று மலரில் யாராவது எழுதினால் நம்பாதீர்கள். பொறாமையால்தான் போனேன்.

அதிகாரியிடம் டேப்பைக் கொண்டுபோய் மேஜைமேல் வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். மடக்கிக் காட்டினேன். அவர் கண்ணில் வைத்துப் பார்த்து, "எனக்கு ஒண்ணும் வித்தியாசம் தெரியலையே" என்றார். "நீங்க கண்ணாடி போடாதவர்ங்க" என்றேன். மேஜைமேல் கிடந்த யாருடைய கண்ணாடியையோ மாட்டிக்கொண்டு இரண்டு விதமாகவும் பார்த்தார். பிறகு பரீட்சையை மறுபடி வைத்தார்.

இந்தமுறை இருவரும் மடக்கித்தான் பார்த்தோம். நான் முழு வட்டத்தை அள்ளி அள்ளி எடுத்தேன். மூன்று நிமிஷத்தில் ஒன்பது. பத்தாவதைத் தேடித் தேடி அடிவானம்வரை போனேன், இல்லை. அவள் வந்தாள். பைனாகுலரைத் தூக்குவதற்கு முன்னால் வெறும் கண்ணாடியோடு மாடிச் சுவரில் சாய்ந்து கீழே எட்டிப் பார்த்தாள். ஒரு எண்ணைச் சொன்னாள். படகு சுவருக்கு நேர் கீழே படித்துறையில் கட்டியிருந்தது. மீதி ஒன்பதையும் அதன்பிறகு பார்த்துச் சொன்னாள். பத்து.

"டேப்பு நான்தான் சுத்தினேன்" என்று அன்று இறங்கும்போது அவளிடம் சொன்னேன்.

"அன்னைக்கே தெரியும்க்கா. நீங்க சுத்தற கட்டுதான் அவ்வளவு நறுக்குன்னு இருக்கும்" என்றாள். "ஆனா ஏன் போய்ச் சொன்னீங்க?"

"உன்ன ஜெயிக்கணும்னுதான்."

அவள் படியில் நின்று, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த ஒரு படகு இன்னும் தொண்டையில் நிற்கிறது.

தலைமைக் கண்காணிப்பாளராக அவள் போட்ட முதல் உத்தரவு, மூடியில் இருந்த பட்டாளத்தின் படத்தைக் கிழித்தது. அதற்குப் பதில் இரண்டு படம் ஒட்டினாள். கண்ணாடி இல்லாதவருக்கு நிமிர்ந்த வளையம், கண்ணாடி போட்டவருக்கு மடங்கிய வளையம். அந்த உத்தரவை நான் போட்டிருக்கவேண்டியது என்று அன்றும் எரிந்தேன். ஆறு வருஷமாக என் எழுத்துக்குக் கீழே அவளுடைய சிவப்புக் கையெழுத்து இருக்கிறது. அவளைத் தாண்டவேண்டும் என்று நான் வடக்கே ஐந்து படகைப் பிடித்தால், மதியம் அவள் ஆறைப் பிடித்திருப்பாள். மறுநாள் நான் ஏழுக்கு முயல்வேன். எங்கள் பதிவேட்டைப் போலத் துல்லியமான பதிவேடு இந்தத் துறைமுகத்தில் இருந்ததில்லை என்று அதிகாரியே சொல்லியிருக்கிறார்.

சனிக்கிழமையிலிருந்து பதவி எனக்கு. பரீட்சை கிடையாது, போட்டிக்கு ஆளில்லை. இன்னும் இரண்டு வருஷம் சிவப்பு மைப் பேனா என் கையில். நேற்று கைமாற்றும்போது அதை முன்கூட்டியே என் பையில் வைத்துவிட்டாள். "சிவப்பு மை புதுசா ஊத்தியிருக்கேன்க்கா" என்றாள்.

இன்று காலை மேலே போய் மடக்கிப் பார்த்தேன். வடக்கே எட்டுப் படகு, ஒரே நிமிஷத்தில். எட்டு இதுவரை எங்கள் இருவரில் யாரும் எழுதியதில்லை. எழுதிவிட்டு, இதைப் பார்த்து மதியம் அவள் முகம் எப்படிப் போகும் என்று நினைத்துக்கொண்டேன். அடுத்த திங்கட்கிழமை எட்டு எழுதினால் யார் முகத்தைப் பார்ப்பேன் என்பதும் கூடவே நினைவுக்கு வந்தது. பைனாகுலரை மேஜைமேல் வைத்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன். ரொம்ப நேரம் துடைக்க வேண்டியிருந்தது.